பெர்த்தினியின் சால்வை: ஆறு நொடி, 48 தாள்

இத்தாலிய மௌனப் பட நடிகை பிரான்செஸ்கா பெர்த்தினி நடித்த 'அசுந்தா ஸ்பீனா' (1915) படத்திலிருந்து ஆறே நொடியை எடுத்து, கட்டைவிரலால் புரட்டினால் ஓடுகிற சின்னப் புத்தகமாக வரைய வேண்டும் என்று போன மாதம் உட்கார்ந்தேன். வேலை இன்னும் முழுதாக முடியவில்லை. ஆனால் இதுவரை வந்ததை எழுதி வைக்காவிட்டால் மறந்துபோகும்.

முதல் வாரம் வேகத்தோடு மல்லுக்கட்டியதிலேயே போய்விட்டது. எனக்குக் கிடைத்த பிரதியில் எல்லாரும் ஓட்டமும் நடையுமாகத் தெரிந்தார்கள். அந்தக் காலத்தில் கேமராவைக் கையால் சுற்றித்தான் படம் பிடித்தார்கள்; நொடிக்கு 16 ஃபிரேம், சில சமயம் கொஞ்சம் கூட. அதை இன்றைய 24 ஃபிரேம் கணக்கில் ஓட்டினால் ஒன்றரை மடங்கு வேகம் வந்துவிடுகிறது. பிளேயரில் வேகத்தை 0.75-க்குக் குறைத்தேன். அவ்வளவுதான், பெர்த்தினியின் உடம்புக்கு ஒரு கனம் வந்தது. பதறி நடப்பவளாகத் தெரிந்தவள், யோசித்து நடப்பவளாக மாறினாள். பழைய மௌனப் படங்களில் நடிப்பு மிகை என்று சொல்கிறவர்கள், ஒரு தடவையாவது வேகத்தைக் குறைத்துவிட்டுப் பார்க்க வேண்டும்.

நொடிக்கு 16 என்றால் ஆறு நொடிக்கு 96 ஃபிரேம். ஒன்று விட்டு ஒன்று எடுத்தால் 48. ட்ரேசிங் தாளை லேப்டாப் திரைமேல் ஒட்டி, முகத்திலிருந்து ஆரம்பித்தேன். அங்கேதான் தப்பு செய்தேன். பதினோரு தாள் வீண். கேமரா தள்ளியே நிற்கிறது. காட்சியை வெட்டாமல் நீளமாக ஓட விடுகிறார்கள். முகம் என் திரையில் நகத்தளவுதான். அவ்வளவு சின்ன முகத்தை வைத்துக்கொண்டு ஒரு நடிகை என்ன செய்ய முடியும்? தோளாலும் முழங்கையாலும் சால்வையாலும்தான் பேச முடியும். அதைத்தான் பெர்த்தினி செய்கிறார்.

கதை தெரிந்தால் அந்தச் சால்வை ஏன் முக்கியம் என்று புரியும். சால்வதோரே தி ஜாக்கோமோவின் நாடகம் அது. அசுந்தா நேபிள்ஸில் துணி தேய்த்துப் பிழைக்கும் பெண். அவளுக்கு நிச்சயமான கசாப்புக்காரன் மிக்கேலே, பொறாமையில் அவள் முகத்தில் கத்தியால் கீறிவிடுகிறான். அவனைக் காப்பாற்ற அவள் நீதிமன்றத்தில் பொய் சொல்கிறாள். அப்படியும் தண்டனை கிடைக்கிறது. அவனை வேறு ஊர்ச் சிறைக்கு அனுப்பாமலிருக்க, நீதிமன்ற அலுவலர் ஒருவனுக்குத் தன்னையே கொடுக்கிறாள். கடைசியில் விடுதலையாகி வரும் மிக்கேலே செய்த கொலையையும் தானே செய்ததாக ஏற்றுக்கொள்கிறாள். இத்தனையும் நடக்கும்போது அந்தச் சால்வையை இழுத்து மூடுவதும் தளர விடுவதும்தான் அவளுக்கென்று மிஞ்சிய ஒரே இடம் என்று எனக்குத் தோன்றுகிறது.

இரண்டாவது வாரம் முகத்தை விட்டுவிட்டு, வெறும் சால்வையின் ஓரக்கோட்டை மட்டும் வரைந்தேன். புரட்டினால் துணி நடுங்கியதே தவிர, இழுபடவில்லை. அப்புறம் வீட்டிலிருந்த கம்பளிச் சால்வையைப் போர்த்திக்கொண்டு கண்ணாடி முன் நின்று, சால்வையை இழுக்கும் அதே அசைவை இருபது முப்பது தடவை செய்தேன். கை இழுப்பதற்கு முன்னால் முழங்கை விலாவோடு ஒட்டுகிறது. அதற்குப் பிறகுதான் துணி இறுகுகிறது. நான் எல்லாவற்றையும் ஒரே தாளில் நகர்த்தியிருந்தேன். முழங்கையை இரண்டு தாள் முன்னாலேயே நகர்த்தி மறுபடி வரைந்ததும் துணிக்குள்ளே ஓர் ஆள் வந்துவிட்டாள். அன்றைக்கு ராத்திரி தூக்கமே வரவில்லை, அவ்வளவு சந்தோஷம்.

இயக்குநராகப் பெயர் போட்டிருப்பது குஸ்தாவோ செரேனாவுக்கு. மிக்கேலேயாக நடித்தவரும் அவர்தான். பெர்த்தினியோ, அதைத் தானே இயக்கியதாக முதுமையிலும் சொல்லிவந்தார். இந்த 48 தாளை வரைந்தபின் நான் அவர் பக்கம்தான். தன் உடம்பு சட்டகத்தில் எங்கே விழுகிறது என்று இவ்வளவு துல்லியமாகத் தெரிந்தவர், பிறர் சொன்னதை மட்டும் செய்திருப்பார் என்று என்னால் நம்ப முடியவில்லை.

புகழின் உச்சியில் கிறிஸ்தவம் சொல்லும் ஏழு பெரும் பாவங்களை வைத்து வரிசையாக ஏழு படங்கள், 1921-இல் சுவிஸ் வங்கியாளர் பால் கார்த்தியேயோடு திருமணம், பிறகு திரையில் தோன்றுவதே குறைந்துபோனது. 1976-இல் இயக்குநர் பெர்த்தோலுச்சியின் 'நோவெச்சென்தோ' படத்தில் ஒரு கன்னியாஸ்திரீயாக வந்தார். 1985-இல் ரோமில் காலமானார்.

இப்போது 31-ஆவது தாள் மட்டும் பாக்கி. அதில் இடது தோள் ஒரு நூல் இறங்கியிருக்கிறது, புரட்டும்போது கண்ணில் குத்துகிறது. அது முடிந்ததும், 1914-இல் அவர் ஆண் வேடத்தில் பியரோவாக (பழைய ஐரோப்பிய ஊமை நாடகங்களில் வரும் வெள்ளை முகக் கோமாளி) நடித்த படத்தை எடுக்கப்போகிறேன். வெள்ளை முகம், வெள்ளை உடை. வெள்ளைத் தாளில் பென்சில் கோடு நிற்காது. எனவே கரித்தூளைத் தாள் முழுக்கத் தேய்த்துவிட்டு, ரப்பரால் உருவத்தை எடுத்துப் பார்க்கிறேன். நேற்று செய்த முதல் இரண்டு தாளில் நீண்ட கைகள் நன்றாக வந்திருக்கின்றன.