களுபோவிலை ஆஞ்சநேயரும் சஞ்சீவிக் காற்றும்

சனிக்கிழமை காலையில் கொழும்புக் காலி வீதி பஸ்ஸில் ஏறினால் யார் யார் ஆஞ்சநேயரிடம் போகிறார்கள் என்று பார்த்தவுடனேயே தெரிந்துவிடும். மடியில் வாழையிலைச் சுற்று, அதற்குள் வெற்றிலை மாலையோ துளசியோ. வெள்ளவத்தையில் 100ஆம் நம்பர் பஸ் பிடித்து, தெஹிவளைச் சந்தியில் இறங்கி, அங்கிருந்து ஓட்டோவில் களுபோவிலைக் கோயிலுக்குப் போவதுதான் என் வழக்கம்.

இந்த முறை தம்பியின் மகளும் கூட வந்தாள். ஐந்தாம் வகுப்பு முடித்துவிட்டு ஒரு கொப்பி நிறையக் கதை எழுதிக்கொண்டிருக்கிறாள். மூன்று நிலா எறிக்கும் ஒரு உலகம். அங்கே விண்முசுட்டை என்று ஒரு கொடி. செத்தவரையும் எழுப்புமாம். ஆனால், பறிக்கிறவருடைய ஞாபகத்தில் ஒன்றை அது எடுத்துக்கொள்ளும். வறைக்கு அரிகிற முசுட்டையைத்தான் பிள்ளை ஆகாயத்துக்கு ஏற்றியிருக்கிறாள். அம்மம்மா வீட்டு வேலி முழுக்க அதுதானே படர்ந்து கிடக்கிறது.

இங்கே சுவாமி பஞ்சமுக ஆஞ்சநேயர். கிழக்கே அனுமன், தெற்கே நரசிம்மர், மேற்கே கருடன், வடக்கே வராகர், மேலே ஹயக்ரீவர். பாதாள அரசன் மயில்ராவணனின் உயிர் ஐந்து திசையில் எரிந்த ஐந்து விளக்குகளில் இருந்ததாம். அவற்றை ஒரே நேரத்தில் ஊதி அணைக்க எடுத்த கோலம் என்பார்கள். என் கண் எப்போதும் வடைமாலையில்தான் நிற்கும். தட்டையாகத் தட்டிய உளுந்து வடை, நடுவில் துளை, விளிம்பில் பல்லுக்கு அகப்படும் முழு மிளகு. எண்ணெய் ஊறி நூலே மஞ்சளாகிவிடும்.

கொழும்பு தெற்குப் போதனா வைத்தியசாலையும் இதே களுபோவிலையில்தான். அதனால் இங்கே வருகிறவர்களின் வேண்டுதல் பெரும்பாலும் உடம்பைப் பற்றியதாகத்தான் இருக்கும் என்று நினைக்கிறேன். எங்களுக்கு முன்னால் நின்ற அம்மா அர்ச்சனைத் தட்டில் தேங்காய்க்குப் பக்கத்தில் ஒரு கிளினிக் கொப்பியை வைத்திருந்தார். மூலை மடிந்து, அட்டை பிய்ந்து, பிளாஸ்டர் ஒட்டிய கொப்பி. ஐயர் ஒன்றும் கேட்கவில்லை. பெயர், நட்சத்திரம் சொல்லி அர்ச்சனை செய்து, கொப்பியின் மேலேயே ஒரு துளசி இலையை வைத்துத் திருப்பிக் கொடுத்தார். எனக்குத் தொண்டை அடைத்துவிட்டது.

அதைப் பார்த்துவிட்டுத்தான் மருமகள் தொடங்கினாள். "மாமி, சஞ்சீவி எப்பிடியான மரம்?"

கோயில் வீதி சுற்றிக்கொண்டே சொன்னேன். வால்மீகி சொல்வது ஒன்றல்ல, நான்கு மூலிகைகள். உயிரை மீட்க மிருதசஞ்சீவனி, தைத்த ஆயுதத்தை வெளியேற்ற விசல்யகரணி, பழைய நிறத்தைத் தர சாவர்ண்யகரணி, பிளந்ததை ஒட்ட சந்தானகரணி. இந்திரஜித்தின் பிரம்மாஸ்திரத்தில் ராம லக்ஷ்மணரும் வானர சேனையும் விழுந்து கிடக்க, ஜாம்பவான்தான் அனுமனை இமயத்துக்கு அனுப்பினார். பறிக்க ஆள் வருவதை அறிந்ததும் மூலிகைகள் மறைந்துகொண்டன. அனுமனுக்குக் கோபம் வந்துவிட்டது, சிகரத்தையே பெயர்த்துக்கொண்டு வந்துவிட்டார்.

"ஒளிச்சதோ? என்ர கொடியும் ஒளிக்கும்!" என்று துள்ளினாள். "சரி, அரைச்சுக் குடுத்தவையோ, பூசினவையோ?"

இரண்டும் இல்லை. மணம் காற்றில் வந்தது, அவ்வளவுதான். ராம லக்ஷ்மணரின் காயம் ஆறியது. செத்துக் கிடந்த வானரங்கள் தூங்கி எழும்பினவர்கள் மாதிரி எழும்பினார்கள். அதெல்லாம் நடந்தது இந்த இலங்கை மண்ணில். உணவட்டுனையில் உள்ள ரூமஸ்ஸலையும், அனுராதபுரம் பக்கத்து ரிட்டிகலையும் அந்த மலையிலிருந்து விழுந்த துண்டுகள் என்று சிங்களச் சனமும் சொல்லும்.

அவள் நின்றுவிட்டாள். "காத்து எல்லாருக்கும்தானே வீசும்? அப்ப ராட்சதரும் எழும்பியிருக்க வேணுமே?"

கதாப்பிரசங்கங்களில் பெரும்பாலும் தாண்டிப்போகிற இடம் இது. வால்மீகியிடம் பதில் இருக்கிறது. போர் தொடங்கிய நாளிலிருந்தே, செத்த ராட்சதரை உடனுக்குடன் கடலில் போடச் சொல்லி ராவணன் கட்டளையிட்டிருந்தான். எத்தனை பேர் செத்தார்கள் என்ற கணக்கு வெளியே தெரியக்கூடாதாம். சஞ்சீவிக் காற்று வந்தபோது எழும்ப அவர்களில் ஒருவரும் அங்கே இல்லை. மருந்து பகைவர் என்று பார்த்து ஒதுக்கவில்லை. சொந்த அரசன்தான் ஒதுக்கினான். இதை எங்கள் ஆட்களுக்கு விளக்கிச் சொல்லத் தேவையில்லை. பிள்ளைக்கும் அதற்கு மேல் சொல்லவில்லை.

பிரசாதம் வாங்கிக்கொண்டு வெளியே வந்து ஆளுக்கு இரண்டு வடை சாப்பிட்டோம். சந்தியில் பஸ்ஸுக்கு நிற்கும்போது சொன்னாள், "என்ர கதையில ராசா கடலில போட முதலே காத்து வந்திடும்."

"அப்ப ஆருடைய ஞாபகத்தை எடுக்கும்?"

"ராசாட." கொஞ்சம் யோசித்துவிட்டு, "இல்ல, அவருக்கு ஞாபகம் இருக்கோணும்" என்றாள். அதற்குள் 100 வந்துவிட்டது.