கீகோன் ஊற்றின் இருளில் ஒரு பொருத்தனை

2012ஆம் ஆண்டு, கிறிஸ்துமஸுக்கு முந்தின அட்வெந்து நாட்களில் அப்பா தீவிர சிகிச்சைப் பிரிவில் கிடந்தபோது, வெளியே இரும்பு நாற்காலியில் உட்கார்ந்திருந்த அம்மா வேதாகமத்தில் ஒரே ஓர் அதிகாரத்தைத்தான் திரும்பத் திரும்ப வாசித்துக்கொண்டிருந்தார்கள். வீட்டுக்காரியத்தை ஒழுங்குபடுத்தும், நீர் பிழைக்கமாட்டீர் என்று ஏசாயா தீர்க்கதரிசியே வந்து சொல்லிவிட்ட பிறகும், சுவர்ப்புறமாக முகத்தைத் திருப்பிக்கொண்டு அழுத எசேக்கியா ராஜாவுக்குக் கர்த்தர் 15 வருஷங்களைக் கூட்டிக் கொடுத்த ஏசாயா 38ஆம் அதிகாரம் அது. “உன் விண்ணப்பத்தைக் கேட்டேன், உன் கண்ணீரைக் கண்டேன்” என்ற வரியின் கீழே பென்சிலால் கோடு போட்டு, ஓரத்தில் அன்றைய தேதியையும் எழுதினார்கள். அப்பா எழுந்து நடமாடினால் அந்த ராஜா ஜெபித்த எருசலேமுக்கே வந்து ஸ்தோத்திரம் செலுத்துவதாக அன்றிரவு பொருத்தனை பண்ணினார்கள். மூன்றாம் வாரம் அப்பா வீட்டுக்கு வந்துவிட்டார்கள்.

ஆனால் 15 வருஷம் கிடைக்கவில்லை. நான்கு வருஷம் கழித்து, 2016இல், ஒரு ஞாயிற்றுக்கிழமை அதிகாலையில் தூக்கத்திலேயே போய்விட்டார்கள். அதன்பின் அந்தப் பொருத்தனையைப் பற்றிப் பேசவே எனக்குத் தயக்கமாக இருந்தது. ஒருநாள் அம்மாவே கேட்டார்கள்: “நான் பதினைந்து கேட்டேன், ஆண்டவர் நாலு கொடுத்தார். அதற்காகப் பாதி வழி வரைக்கும் போய்த் திரும்பிவிடலாமா?” அதற்குமேல் நான் என்ன சொல்ல? 2019 பிப்ரவரியில் புறப்பட்டோம்.

பத்து நாள் குழுப் பயணத்தைப் பற்றி அதிகம் சொல்வதற்கில்லை. பெத்லகேம், நாசரேத்து, கலிலேயாக் கடல், யோர்தான் என்று போனவர்கள் எல்லோரும் எழுதியதைத்தான் நானும் எழுத வேண்டியிருக்கும். ஒரு வருத்தத்தை மட்டும் சொல்லாமல் இருக்க முடியவில்லை. பெத்லகேமில் ஒலிவமரப் பொம்மைக் கடை ஒன்றில் இரண்டு மணி நேரத்துக்கு மேல் எங்களை உட்கார வைத்த பயண அமைப்பாளர், ஊற்றுத் தண்ணீரை எருசலேமுக்குள் கொண்டுவர அந்த ராஜா பாறையில் வெட்டிய எசேக்கியாவின் சுரங்கத்துக்கு ஒன்றரை மணி நேரம் கேட்டபோது, “அது புரோகிராமில் இல்லை, சிஸ்டர்” என்று கையை விரித்தார். அம்மா சண்டை போடவில்லை. மறுநாள் காலையில் பேருந்தின் படியில் உட்கார்ந்துகொண்டு, தான் வந்ததே அதற்காகத்தான் என்றார்கள். 71 வயதுப் பெண்மணி படியை விட்டு நகரமாட்டேன் என்றால் யாரால் என்ன செய்ய முடியும்? குழுவில் ஒன்பது பேர் எங்களோடு வரச் சம்மதித்தார்கள்.

முந்தின மாலை யூதர் குடியிருப்பில் அகல மதிலைப் பார்த்திருந்தோம். அசீரியருக்குப் பயந்து எசேக்கியாவின் காலத்தில் அவசரமாக எழுப்பப்பட்ட, 7 மீட்டர் கனமுள்ள சுவர். மதிலுக்காக வீடுகளை இடித்தீர்கள் என்று ஏசாயா சொன்னபடியே, அதன் அடியில் ஒரு வீட்டின் சுவர் மிச்சங்களும் தெரிகின்றன. யூதர்கள் ஜெபிக்கிற மேற்குச் சுவரில் மனிதத் தலைகளைத் தவிர வேறொன்றும் தெரியாத கூட்டம். இங்கே ஒரு பூனை மட்டும் இருந்தது.

குப்பைமேட்டு வாசலைத் தாண்டினால், சுரங்கம் இருக்கிற தாவீதின் நகரம். அந்தச் சிறிய தூரத்துக்குள் ஜெபமாலை, படத்தொகுப்பு, டார்ச் விளக்கு என்று “ஒன் டாலர், இந்தியா, ஒன் டாலர்” குரல்கள் சட்டையைப் பிடித்து இழுக்காத குறை. டார்ச் ஒன்றை வாங்கினேன். சுரங்கத்துக்குள் நூறு அடி போவதற்குள் அது அணைந்துவிட்டது. கீழே கீகோன் ஊற்றண்டையில் வழி இரண்டாகப் பிரிகிறது. நனைய விரும்பாதவர்களுக்குக் கானானியர் வெட்டிய பழைய வாய்க்கால். அம்மாவின் முழங்காலை நினைத்து அவர்களை அந்த வழியில் அனுப்பிவிட்டு, நானும் நான்கு பேரும் தண்ணீரில் இறங்கினோம்.

முதல் அடியிலேயே குளிர் எலும்பைத் தொட்டது. தொடை வரை வந்த தண்ணீர் சற்றுத் தூரத்தில் முழங்காலுக்குக் கீழே இறங்கியது. இரண்டு தோள்களும் பாறையில் உரசுகிற அகலம். சில இடங்களில் குனிந்தே நடக்க வேண்டும். நேர்கோட்டில் 320 மீட்டர் போதுமான தூரத்துக்கு, வளைந்து வளைந்து 533 மீட்டர் வெட்டியிருக்கிறார்கள். கீகோன் ஊற்று நகர மதிலுக்கு வெளியே இருந்தது. அசீரிய ராஜா சனகெரிப் வந்து சூழ்ந்தால் தண்ணீர் அவனுக்கு, தாகம் நமக்கு என்பதை ராஜா அறிந்திருந்தார். விக்கிரகங்களை உடைத்தவர், மோசே செய்த வெண்கலச் சர்ப்பத்தையே தூபம் காட்டுகிறார்கள் என்று நொறுக்கியவர், கர்த்தரை முழுமையாக நம்பியவர் என்று வேதம் புகழ்கிற அந்த மனிதர், நம்பிக்கை இருக்கிறது என்று கையைக் கட்டிக்கொண்டு இருக்கவில்லை, பாறையை வெட்டினார். கி.மு. 701இல் சனகெரிப் வந்தான். யூதாவின் 46 அரணான பட்டணங்களைப் பிடித்ததாகவும், எசேக்கியாவைக் கூண்டுப் பறவையைப்போல எருசலேமில் அடைத்ததாகவும் அவனே பொறித்துவைத்திருக்கிறான். அடைத்தேன் என்றானே தவிர, பிடித்தேன் என்று அவனால் எழுத முடியவில்லை. ஒரே இரவில் கர்த்தருடைய தூதன் அசீரியரின் பாளயத்தில் 1,85,000 பேரைச் சங்கரித்தான் என்று வேதம் சொல்கிறது.

பாதி வழியில் சுரங்கம் குழம்புகிறது. இந்தப் பக்கம் திரும்பி, அந்தப் பக்கம் திரும்பி, வெட்டிய தடம் தடுமாறுகிறது. இரண்டு முனைகளிலிருந்தும் வெட்டிவந்த ஆட்கள் சந்தித்த இடம் அது. மூன்று முழம் மிச்சம் இருக்கும்போது ஒருவன் மற்றவனைக் கூப்பிடும் குரல் பாறைக்கு அப்பாலிருந்து கேட்டது என்று அவர்கள் செதுக்கிய கல்வெட்டு 1880இல் கிடைத்து, இப்போது இஸ்தான்புல்லில் இருக்கிறது. அதில் ராஜாவின் பெயரே இல்லை, குரல் கேட்டதுதான் இருக்கிறது. மற்றவர்கள் முன்னே போய்விட, அவர்களுடைய வெளிச்சமும் வளைவில் மறைந்தது. நான் நின்றுவிட்டேன். கையை வைத்தால் உளித் தழும்புகள், விரல் நுழைகிற ஆழத்தில், ஒன்றின்மேல் ஒன்றாக. அதுவரை அந்தத் தழும்புகள் ஒரு பக்கம் சாய்ந்திருந்தன. அங்கே எதிர்ப்பக்கம் சாயத் தொடங்குகின்றன.

ஏன் என்று தெரியாது, முகத்தைச் சுவரோடு வைத்துக்கொண்டேன். பத்து நாளாகப் போன இடமெல்லாம் வராத அழுகை அங்கே வந்தது. மருத்துவமனையில் அப்பா பச்சைச் சுண்ணாம்படித்த சுவரைப் பார்த்தே படுத்திருந்ததும், நான் அழைத்தபோது திரும்பாமலே கையை மட்டும் பின்னால் நீட்டியதும் நினைவுக்கு வந்தன. அந்தக் கையை நான் பிடித்தேனா? பிடித்தேன். அந்த நான்கு வருஷத்தில்தான் தங்கையின் கல்யாணம் நடந்தது. அப்பா பேரனைத் தோளில் வைத்துக்கொண்டு ஆலயத்து அசனப் பந்திக்குப் போனார்கள். எசேக்கியாவுக்குக் கூட்டிக் கொடுத்த வருஷங்களில் பாபிலோன் தூதருக்குப் பொக்கிஷத்தைக் காட்டிய பெருமையும் உண்டு, தகப்பன் இடித்த மேடைகளைத் திரும்பக் கட்டப்போகிற மனாசே பிறந்ததும் உண்டு. எங்களுக்குக் கிடைத்த நான்கில் அப்படி எதுவும் இல்லை. சத்தமாக ஸ்தோத்திரம் சொன்னேன். பாறை அதைக் கொண்டுபோய் எங்கோ திருப்பிச் சொன்னது. பின்னால் வந்துகொண்டிருந்த யாரோ, எந்தத் தேசத்தவரோ, “ஆமென்” என்றார்.

வெளிச்சத்துக்கு வந்தபோது, உடைந்த தூண் துண்டுகள் கிடக்கும் சீலோவாம் குளத்தின் படியில், சேலை நுனியை முழங்கால் வரை தூக்கிச் செருகிக்கொண்டு அம்மா தண்ணீரில் காலை வைத்து உட்கார்ந்திருந்தார்கள். சாய்ந்த தெருவில் இரண்டு பேருடைய கையைப் பிடித்து இறங்கி வந்திருக்கிறார்கள். குருடனை ஆண்டவர் கழுவச் சொன்ன குளம் என்று யாரோ சொல்ல, முகத்தைக் கழுவிக்கொண்டார்கள். கன்னத்தில் ஓடியது குளத்துத் தண்ணீரா வேறா என்று நான் கேட்கவில்லை. மடியிலிருந்த வேதாகமத்தைத் திறந்து, பென்சில் கோடு போட்ட வரியைக் காட்டினார்கள். ஓரத்தில் 2012இன் தேதிக்குக் கீழே அன்றைய தேதியையும் எழுதியிருந்தார்கள். ஈரக்கை பட்டு அந்த எழுத்து கொஞ்சம் கலைந்திருந்தது.

“உள்ளே ரொம்பக் குளிரா?” என்றார்கள்.

மேலே சாலையில் எங்கள் பேருந்தின் ஹாரன் அடித்துக்கொண்டே இருந்தது.