ஷட்டரை இறக்கிய பிறகு

சென்னை மண்ணடியில், தம்பு செட்டித் தெருவை ஒட்டிய ஒரு ஆடிட்டர் ஆபீஸில் வேலை பார்க்கிறேன். புதிதாகக் கம்பெனி ஆரம்பிப்பவர்களை முன் அறையில் ஆடிட்டரே பார்த்துக்கொள்வார். ஆரம்பித்ததை என்ன செய்வது என்று தெரியாமல் வருபவர்களின் ஃபைல் என் மேஜைக்கு வரும். ராயபுரம், தண்டையார்பேட்டை, திருவொற்றியூர், பெரம்பூர் பக்கத்துப் பையன்கள்தான் அதிகம். ஆப் ஏன் ஓடவில்லை, பணம் போடுகிறேன் என்றவர் ஏன் நழுவினார் என்பதையெல்லாம் கோர்வையாகச் சொல்வார்கள். "கடைசியாக ரிட்டர்ன் எப்போது போட்டீர்கள்?" என்று, அரசுக்கு வருடாவருடம் தர வேண்டிய கணக்கைப் பற்றிக் கேட்டால் ஒருவர் முகத்தை ஒருவர் பார்ப்பார்கள்.

ஒரு ஃபைலை மட்டும் கொஞ்சம் விரிவாகச் சொல்கிறேன். காசிமேட்டில் ஏலத்தில் மீன் எடுத்து, சுத்தம் செய்து, அண்ணா நகர், அம்பத்தூர் வீடுகளுக்குச் சமையல் நேரத்துக்குள் கொண்டுபோய்ச் சேர்ப்பது தொழில். நண்பர்கள் இரண்டு பேர். விடியற்காலையில் ஏலத்தில் நிற்க அலுக்காதவர்கள், மீன் பார்த்து வாங்கத் தெரிந்தவர்கள். ஆனால் அவர்களுடைய எக்செல் கணக்கைத் திறந்தால் பன்னிரண்டு மாதமும் ஒரே ஏறுமுகம். ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரை 61 நாள் மீன்பிடித் தடைக்காலம், விசைப்படகு கடலுக்குப் போகாது என்பது காசிமேட்டில் சின்னப் பிள்ளைக்கும் தெரியும். இவர்களுக்கும் தெரியும். தெரிந்த விஷயம் கணக்குக்குள் வரவில்லை, அவ்வளவுதான்.

தடைக்காலத்திலும் ஃபைபர் படகு மீன் வரும், கேரளாவிலிருந்தும் வரும். விலைதான் தாறுமாறாக ஏறும். பிடித்த வாடிக்கையாளர் போய்விடுவாரோ என்ற பயத்தில் ஆப்பில் பழைய விலையையே வைத்து, ஒவ்வொரு ஆர்டருக்கும் கையிலிருந்து போட்டிருக்கிறார்கள். அந்தப் பணம் எங்கிருந்து வந்தது என்று கேட்டேன். தண்டல். வட்டியை முதலிலேயே பிடித்துக்கொண்டு கொடுத்துவிட்டு, தினமும் பைக்கில் வந்து வசூல் செய்வார்களே, அதுதான். ஒருவர் தன் சொந்தப் பெயரில் வாங்கி மீனில் போட்டார். கம்பெனி கணக்கில் அதற்கு ஒரு வரிகூட இல்லை. பாதிக் கடன் தன்னுடையது என்று மற்றவர் வாயால் ஒப்புக்கொண்டாராம். எழுத்தில் எதுவும் கிடையாது. தொழில் நின்ற பிறகு அவர்களுக்குள் நடந்த சண்டை முழுக்க இதைப் பற்றித்தான்.

வவுச்சர் என்று ஒரு பிளாஸ்டிக் கவரைக் கொண்டுவந்து கொட்டினார்கள். ஐஸ் கடைத் துண்டுச்சீட்டு, வெட்டுக்கூலி எழுதிய சிகரெட் அட்டை, ஆட்டோ வாடகை. ஒன்றிரண்டில் மீன் செதில் காய்ந்து ஒட்டியிருந்தது, நகத்தால் சுரண்டித்தான் தொகையைப் படித்தேன். சர்வர் வாடகை மட்டும் கார்டிலிருந்து தானாகவே மாதாமாதம் போயிருந்தது. ஆர்டர் நின்ற பிறகும் போயிருந்தது. டெலிவரி பையன்களுக்குக் கடைசி மாதச் சம்பளம் பாக்கி. என்னைக் கேட்டால், ஆப் ஓடாததைவிட இதுதான் பெரிய தவறு. அந்தப் பையன்கள் அதே தெருக்காரர்கள், நாளைக்கும் முகத்தில் முழிக்க வேண்டும்.

இனி சட்டப்படி மூடும் கதை. பிரைவேட் லிமிடெட்டுக்குக் குறைந்தது இரண்டு டைரக்டர் வேண்டும். நண்பர்களில் ஒருவர் அப்போது ஐடி வேலையில் இருந்ததால், ஆபீஸில் தெரிந்தால் வம்பு என்று தன் அம்மாவை டைரக்டராகப் போட்டிருந்தார். எங்களிடம் வரும் பல ஃபைல்களில் இப்படி ஒரு அம்மாவோ மனைவியோ இருப்பார்கள். டிஜிட்டல் கையெழுத்து டோக்கன் மகனிடம் இருக்கும், அதில் என்ன கையெழுத்தாகிறது என்று அவர்களுக்குத் தெரியாது. ஒரு ரூபாய் வியாபாரம் இல்லாத வருடத்துக்கும் பேலன்ஸ் ஷீட்டும் ஆண்டு ரிட்டர்னும் போட்டே ஆக வேண்டும். தாமதமானால் ஒரு படிவத்துக்கு ஒரு நாளைக்கு 100 ரூபாய். இரண்டு படிவமும் ஒரு வருடம் தாமதமானால் 73,000 ரூபாய். மூன்று வருடம் தொடர்ந்து போடாவிட்டால் அந்த அம்மாவும் சேர்ந்துதான் ஐந்து வருடம் எந்தக் கம்பெனிக்கும் டைரக்டர் ஆக முடியாத பட்டியலில் போவார்.

கம்பெனிகளின் அரசுப் பதிவேட்டிலிருந்து கம்பெனியின் பெயரை நீக்கச் சொல்லும் எஸ்டிகே-2 விண்ணப்பத்துக்கு அரசுக் கட்டணம் 10,000 ரூபாய். 2023 மே மாதத்திலிருந்து இதெல்லாம் ஹரியானாவில் மானேசரில், இந்த விண்ணப்பங்களைப் பார்க்கும் மத்திய அரசு மையத்துக்குப் போகிறது. விண்ணப்பம் போடுவதற்கு முன் கம்பெனிக்குக் கடன் பாக்கி எதுவும் இருக்கக் கூடாது, வங்கிக் கணக்கை முடித்திருக்க வேண்டும், தொழில் நின்ற நிதியாண்டு வரை ரிட்டர்ன் போட்டிருக்க வேண்டும். பின்னால் யாராவது பாக்கி கேட்டு வந்தால் நாங்கள் பொறுப்பு என்று டைரக்டர்கள் பத்திரமும் எழுதித் தர வேண்டும். ஆக, மூடுவதற்கும் கையில் காசு வேண்டும். கடைசி ரூபாய் வரை ஓட்டிப் பார்த்துவிட்டு வருபவர்களிடம் அது இருப்பதில்லை. இவர்களிடமும் இல்லை. ஐடிக்காரர் சம்பளத்திலிருந்து கொஞ்சம் கொஞ்சமாகக் கொடுத்து முதலில் சம்பள பாக்கியையும், அப்புறம் ஐஸ் கடையையும் அடைத்தார்கள். அதன் பிறகுதான் விண்ணப்பம் போட முடிந்தது.

ஸ்டார்ட்அப் கூட்டங்களில், தோற்றாலும் பரவாயில்லை, சீக்கிரம் தோற்றுப் பாருங்கள் என்று மேடையில் பேசுகிறார்கள். சரி, நல்லதுதான். மூடும் செலவு எவ்வளவு என்று அதே மேடையில் யாராவது சொன்னால் எனக்குக் கொஞ்சம் வேலை குறையும்.

அந்த இருவரில் ஐடி வேலையில் இல்லாத பையன் இப்போது சில ஓட்டல்களுக்கு நேரடியாக மீன் போடுகிறார். ஆப் கிடையாது, சொந்தப் பெயரில் தொழில். தடைக்கால விலையை மார்ச்சிலேயே பேசி ஓட்டல்காரரிடம் எழுதி வாங்கிவிடுகிறார். ஐடிக்காரரின் அம்மா மட்டும் அவ்வப்போது போன் செய்து, "என் பேரு எடுத்தாச்சா தம்பி?" என்று கேட்பார். மானேசரிலிருந்து இன்னும் உத்தரவு வரவில்லை.