தொங்கும் மணிக்கட்டு: பிசியோதெரபி அறையிலிருந்து

ஜூன் 12
புதிதாக ஒரு அண்ணன் வந்தார். மூட்டை தூக்குபவர். கீழே விழுந்ததில் ஹியூமரஸ், அதாவது மேற்கை எலும்பு, நடுவில் முறிந்திருக்கிறது. பிரேஸ் போட்டுவிட்டார்கள். அவர் கவலை வேறு: "கை தொங்குதும்மா, நிமிரவே மாட்டேங்குது." மணிக்கட்டு, விரல்கள் எதுவும் மேலே எழவில்லை. புறங்கையில், கட்டைவிரலுக்கும் ஆள்காட்டி விரலுக்கும் நடுவே பஞ்சால் தொட்டால் தெரியவில்லை. ஆனால் முழங்கையை நீட்ட முடிகிறது. அடிபட்டது மணிக்கட்டையும் விரல்களையும் நிமிர்த்தும் ரேடியல் நரம்பு. இடம், எலும்பின் பின்பக்கமாகச் சுற்றி இறங்கும் பள்ளம். அங்கே நரம்பு எலும்பை ஒட்டியே ஓடுகிறது. முழங்கையை நீட்டும் ட்ரைசெப்ஸுக்கான முக்கியக் கிளைகள் அதற்கு மேலேயே பிரிந்துவிடுவதால் அந்தத் தசை தப்பித்தது.

ஜூன் 16
என் விரலைப் பிடிக்கச் சொன்னேன். பிடியில் வலுவே இல்லை. அவர் மணிக்கட்டை நானே நிமிர்த்திப் பிடித்துக்கொண்டு மறுபடி கேட்டேன். இப்போது நன்றாக இறுக்கினார்! விரல் மடக்கும் தசைகளுக்கு மீடியன், அல்னர் நரம்புகள் உண்டு, அவை நன்றாகவே இருக்கின்றன. மணிக்கட்டு நிமிர்ந்தால்தான் அவற்றுக்குப் பிடிமானம். மணிக்கட்டை நிமிர்த்தியே தாங்கி வைக்கும் பட்டை, அதாவது ஸ்பிளிண்ட், ஏன் என்று அதற்கப்புறம் விளக்கவே வேண்டியிருக்கவில்லை.

ஜூலை 4
இதே எலும்பு முறியும்போது நரம்பு அடிபடக்கூடிய மற்ற இரண்டு இடங்களையும் பயிற்சி மாணவியிடம் சொன்னேன். தோளுக்குக் கீழே எலும்பின் கழுத்தில் முறிந்தால் ஆக்ஸிலரி நரம்பு. கையைப் பக்கவாட்டில் தூக்குவது சிரமமாகும். முழங்கையின் உட்புற முண்டுக்குப் பின்னால் அல்னர். இடித்தால் சுண்டுவிரல் வரை ஷாக் அடிக்குமே, அதுதான்.

ஆகஸ்ட் 21
"எலும்பு சேர்ந்துடுச்சுங்கிறாங்க, கை மட்டும் ஏம்மா இப்படி?" கேட்கும்போதே குரல் உடைந்தது. நரம்பிழை வளர்வது நாளுக்கு ஏறத்தாழ 1 மில்லிமீட்டர்தான். தோல் கிழியாத முறிவில் பெரும்பாலும் நரம்பு அறுந்திருக்காது, தானாகவே திரும்பும். இதை அவசரமில்லாமல் உட்கார்ந்து சொல்ல வேண்டும். நம்பிக்கை போனால் வருவதையே நிறுத்திவிடுவார்கள். அதற்குள் விரல் மூட்டுகள் இறுகிவிட்டால் நரம்பு வந்தும் பயனில்லை.

அக்டோபர் 3
கட்டைவிரல் மேலே பார்க்க முழங்கையை மடக்கச் சொல்லி எதிர்த்துப் பிடித்தேன். முன்கையின் மேல் விளிம்பில் பிராக்கியோரேடியாலிஸ் தசை திரண்டது. நரம்பு திரும்பும்போது முதலில் விழிக்க வேண்டியது இதுதான்.

அக்டோபர் 27
மணிக்கட்டு எழுந்துவிட்டது. கட்டைவிரல் பக்கமாகச் சாய்ந்தே எழுகிறது, ஏனென்றால் அந்தப் பக்கத் தசைக்குத்தான் நரம்பு முன்னால் வந்து சேரும். வீட்டுக்குப் போன் போட்டுச் சொன்னார். விரல்கள் இன்னும் நிமிரவில்லை; கட்டைவிரல் கடைசியில்தான் வரும். ஸ்பிளிண்டைக் கழற்ற வேண்டாம் என்று சொல்லி அனுப்பினேன்.