பெரியப்பாவும் அசையாத மலையும்

எங்கள் பெரியப்பாவிடம் ஒரு தத்துவம் உண்டு. அவரே கண்டுபிடித்தது; அதைப் பின்பற்றுகிறவரும் அவர் ஒருவர்தான். எதுவும் மாறக் கூடாது என்பது அதன் முதல் விதி. கடைசி விதியும் அதுவே. வீட்டில் நாங்கள் அதற்கு ‘அசையா நெறி’ என்று பெயர் வைத்திருக்கிறோம். நாற்காலியை ஒரு சாண் நகர்த்திப் போட்டால் சாயங்காலத்துக்குள் அது பழைய இடத்துக்கு வந்துவிடும். பெரியம்மா போன பிறகு இது முற்றிவிட்டது. அவரது மூக்குக்கண்ணாடிக் கூடு இன்றைக்கும் ரேடியோவின் மேல்தான் இருக்கிறது. தினமும் துடைப்பார், எடுத்து உள்ளே வைக்க மாட்டார்.

அப்படிப்பட்டவர் ஒரு நாள் தானாகவே, “திருவண்ணாமலைக்குப் போகலாம், வா” என்றார். சலம் என்றால் அசைவது, அசலம் என்றால் அசையாதது. ஆக, அந்த ஊர் மலைக்கு உள்ள அருணாசலம் என்ற பெயரிலேயே தன் கொள்கை இருக்கிறதாம். போதாக்குறைக்கு, 1896 செப்டம்பர் 1 அன்று 16 வயதுப் பையனாக அங்கே வந்து சேர்ந்த ரமணர், 1950இல் சமாதி அடையும்வரை ஊர் எல்லையைத் தாண்டவே இல்லை. “54 வருஷம்!” என்றார். கட்சித் தலைவரைப் பற்றிப் பேசும் தொண்டரின் குரல் அது.

கிழக்குக் கோபுரம் 217 அடி. நான் அண்ணாந்து பார்த்துக் கழுத்து வலிக்க நின்றபோது அவர் ஆயிரங்கால் மண்டபத்தில் இருந்தார். அங்கேதான் பாதாள லிங்கம். பூச்சிகள் தொடையைக் கடித்துப் புண்ணாக்கியதுகூடத் தெரியாமல் அந்த இளைஞர் அமர்ந்திருந்த இடம்; பிறர் தூக்கி வெளியே கொண்டுவந்தபோதும் அவருக்கு நினைவில்லை. பெரியப்பா கைகூப்பி நெடுநேரம் நின்றார். எனக்கென்னவோ மனம் நின்றது அண்ணாமலையார் சந்நிதியில்தான். தீபாராதனை காட்டிய சில நொடிகள் வேறு எதுவும் தோன்றவில்லை. வெளியே வந்த பிறகுதான் அந்தக் கேள்வி வந்தது: இது அக்கினித் தலம். நெருப்பைவிட அசைகிற பொருள் வேறு ஏது?

மறுநாள் காலை ரமணாசிரமத்தின் பின்வாசல் வழியாக, மலைமேல் ரமணர் முன்பு வாழ்ந்த ஸ்கந்தாசிரமத்துக்கு ஏறினோம். பாதி வழியில் வாயை வைத்துக்கொண்டு சும்மா இருக்க முடியாமல் ஆரம்பித்தேன். “கிருத யுகத்தில் நெருப்பு, திரேதா யுகத்தில் மாணிக்கம், துவாபர யுகத்தில் பொன், கலியுகத்தில் கல் என்றுதானே தல புராணம் சொல்கிறது, பெரியப்பா? மலையே யுகத்துக்கு ஓர் உருவம் எடுத்திருக்கிறதே!” பதில் இல்லை. “உங்கள் தலைவரும் கோயிலிலிருந்து குருமூர்த்தம், பவழக்குன்று, விரூபாட்சி குகை, ஸ்கந்தாசிரமம், கடைசியில் அடிவாரம் என்று எத்தனை இடம் மாறியிருக்கிறார்!”

“மூச்சு வாங்குகிறது, பேசாமல் ஏறு” என்றார்.

ஸ்கந்தாசிரமத் திண்ணையருகே செருப்பை விட்டோம். மரங்களுக்கு இடையே கீழே கோயில் முழுதும் கோபுரங்களோடு தெரிந்தது. ஊரின் இரைச்சல் ஏறி வரத்தான் செய்தது, ஆனால் பஞ்சில் சுற்றியதுபோல மெத்தென்று. உள்ளே தாயார் அழகம்மாள் உயிர் பிரிந்த அறை.

அந்தத் தாயின் கதையைப் பெரியப்பாதான் எனக்குச் சிறுவயதில் சொல்லியிருக்கிறார். 1898 டிசம்பரில் பவழக்குன்றுக்கு வந்து, வீட்டுக்கு வந்துவிடு என்று நாள்கணக்கில் அழுத அம்மாவுக்கு மகன் வாய் திறக்கவில்லை. நடப்பது தடுத்தாலும் நில்லாது என்கிற பொருளில் ஒரு தாளில் எழுதிக் கொடுத்தார்; ‘மௌனமாயிருக்கை நன்று’ என்பது அதன் கடைசி வரி. இந்த இடத்தோடு பெரியப்பா கதையை முடித்துவிடுவார். மீதியை நான் பிறகு படித்துத் தெரிந்துகொண்டேன். மகன் போகவில்லை, அம்மாதான் வந்து சேர்ந்தார். வந்தவர் அடுப்பு மூட்டினார். துறவிகள் இருந்த இடத்தில் சமையல் நடந்தது. 1922 மே 19 அன்று அவர் உயிர் பிரியும்வரை மகன் ஒரு கையை நெஞ்சிலும் ஒரு கையைத் தலையிலும் வைத்தபடி பக்கத்திலேயே இருந்தார். அம்மாவை அடிவாரத்தில் அடக்கம் செய்தார்கள். அங்கே அடிக்கடி இறங்கிப் போய்வந்தவர், சில மாதங்களில் ஒரு நாள் மேலே திரும்பாமல் அங்கேயே இருந்துவிட்டார்.

பெரியப்பா அந்த அறையில் கண்ணை மூடி உட்கார்ந்தார். நானும் உட்கார்ந்தேன். கால் மரத்துப்போனது, செருப்பைக் குரங்கு எடுத்திருக்குமோ என்ற கவலை வந்தது, போனது. கண் திறந்தபோது அவர் அப்படியே இருந்தார், கன்னம் மட்டும் நனைந்திருந்தது. நான் வெளியே வந்து காத்திருந்தேன்.

இறங்கும்போது அவராகவே, “கிரிவலம் போய்விடலாமா?” என்றார். 14 கிலோமீட்டர், இந்த முழங்காலோடு! ஆட்டோ பிடிக்கலாம் என்றதற்கு முறைத்தார். வெயில் தாழ்ந்ததும் நடந்தோம். எம லிங்கம் வரை வேகம், பிறகு ஒவ்வொரு லிங்கத்திலும் உட்கார்ந்து எழுந்தோம். “அங்கே ஒற்றை முகடாக இருந்தது, இங்கே இரண்டாகப் பிரிகிறதே” என்று முணுமுணுத்துக்கொண்டே வந்தார். குபேர லிங்கம் தாண்டியபோது இருட்டத் தொடங்கியிருந்தது. மலை ஐந்து முகடுகளாகத் தெரியும் பஞ்சமுக தரிசனம் கிடைக்கும் இடத்தில் நின்று விரலை நீட்டி முகடுகளை எண்ணினார்.

“எனக்கு நான்குதான் தெரிகிறது” என்றார்.

நான் சொல்வதற்குள் தடியை ஊன்றிக்கொண்டு, ஐந்தாவதைத் தேடி இன்னும் பத்தடி முன்னால் போனார்.