‘னை’ எழுதத் தெரியாத ஆர்ட் அசிஸ்டென்ட்

கும்பகோணம் கவின்கலைக் கல்லூரியில் ஓவியம் முடித்ததும், ‘சினிமா ஆர்ட் டைரக்டர் சாபு சிரிலும் சென்னை கவின்கலைக் கல்லூரியில் படித்தவர்தான்’ என்று வீட்டில் சமாதானம் சொல்லிவிட்டு, சென்னையில் சினிமாக்காரர்கள் இருக்கும் சாலிகிராமத்துக்கு வந்தேன். முதல் எட்டு மாதம் பென்சிலைத் தொடவே இல்லை. வடபழனியில் சினிமாவுக்குப் பொருள் வாடகைக்கு விடும் கடைகளில் ஏறி இறங்கி, நாற்காலி, ரேடியோ, டிபன் கேரியர் எல்லாம் எடுத்து லாரியில் ஏற்ற வேண்டும். ஷூட்டிங் முடிந்ததும் எண்ணித் திருப்பிக் கொடுக்க வேண்டும். ஒரு டம்ளர் குறைந்தாலும் என் பேட்டாவில்தான் கை வைப்பார்கள்.

அப்புறம் ஒரு நாள் பெயர்ப்பலகை எழுதச் சொன்னார்கள். கதை 1971இல், மதுரையில் நடக்கிறது. ‘அன்னை காப்பி கிளப், மதுரை 625 001’ என்று அழகாக எழுதி வைத்தேன். டைரக்டர்கூடப் பாராட்டினார். ஆர்ட் டைரக்டர் வந்தார், இரண்டு நொடி பார்த்தார். “தம்பி, பின்கோடு வந்ததே 72 ஆகஸ்ட்லதான். இந்த ‘னை’ எப்ப வந்துச்சு?”

எனக்குத் தெரியவில்லை. எழுத்துச் சீர்திருத்தம் 1978இல்தான் வந்தது. அதற்கு முன்னால் அந்த ஐகாரம் யானைத் துதிக்கை போல வளைந்து, ‘ன’வின் தலையில் ஒட்டிக்கொண்டிருக்கும். நான் சாக்பீஸால் நாலு தடவை போட்டும் அது துதிக்கையாகவில்லை, பாம்பாகத்தான் வந்தது. கடைசியில் செட்டில் இருந்த வயதான பெயின்டர் அண்ணன் பிரஷை வாங்கி ஒரே இழுப்பில் போட்டுக் கொடுத்தார்.

அடுத்து அதைப் பழசாக்குவது. நான் பலகை முழுக்க ஒரே சீராகக் கறுப்பைப் பூசப் போனேன். அண்ணன் கையைப் பிடித்துக்கொண்டார். “அழுக்கு சும்மா வராதுடா.” ஆணிக்குக் கீழேதான் துரு வழியும். அடுப்பு இருக்கும் பக்கம்தான் புகை படியும். பெஞ்சுக்குப் பின்னால் சுவரில், தலை சாயும் உயரத்தில் எண்ணெய்க் கறை இருக்கும். நான் கற்றுக்கொண்டதில் பாதி அந்த ஒரு மதியத்தில் வந்ததுதான்.

சினிமாத் தொழிலாளர் சங்கத்தில் உறுப்பினர் கார்டு வாங்கப் பணம் சேர்க்க இரண்டு வருஷம் பிடித்தது. நடுவில் ஒரு படத்தின் சம்பளம் இன்றுவரை வரவில்லை. சரி, அந்தக் கதையை விடுங்கள்.

படம் வந்ததும் முதல் நாளே போய் உட்கார்ந்தேன். ஹீரோ கடைக்கு முன்னால் நின்று பேசுகிறார். ‘காப்பி கிளப்’ பளிச்சென்று தெரிகிறது. ‘அன்னை’ முழுக்க அவர் தோளுக்குப் பின்னால்.