கட் சொன்ன பிறகு: மூச்சு வகுப்பு நாட்குறிப்பு

ஜூன் 3, 2024, திங்கள்

சின்ன வயதில் கேமரா முன் வளர்ந்தவர்கள் யோகா, தியானம், மூச்சுப் பயிற்சி என்று நலத்துறைக்கு வந்தால், "குரல் இருக்கு, முகம் இருக்கு, கூட்டம் புதுசில்லை, பாதி வேலை முடிஞ்சுது" என்பார்கள். பாதி சரிதான். மீதிப் பாதியில் காலை வாரிவிடுவதும் அதே பழக்கங்கள்தான்.

முதல் சிக்கல் மூச்சில். "ஆரம்பிக்கலாமா?" என்று கேட்ட நொடியில் கவனித்தால் தெரியும். காறை எலும்பு மேலே ஏறும், வயிறு உள்ளே போகும், மோவாய் வெளிச்சம் வரும் பக்கம் லேசாகத் திரும்பும், மூச்சு அங்கேயே நின்றுவிடும். "ஆக்‌ஷன்" என்ற சத்தத்துக்கு ஐந்து வயதில் உடம்பு படித்துவைத்த பாடம் அது. டயலாக் பேச அது உதவும். வகுப்பு எடுப்பவர் அதே தோளோடு "உடம்பைத் தளர விடுங்க" என்றால் எதிரே இருப்பவர்களின் தோளும் சேர்ந்து ஏறும். காதால் கேட்பதைவிடக் கண்ணால் பார்ப்பதைத்தான் ஜனங்கள் செய்வார்கள்.

மாற்று வழி: உள்மூச்சில் தொடங்கவே கூடாது. ஸ்ட்ராவில் ஊதுவதுபோல உதட்டைக் குவித்து ஐந்து முறை வெளியே விட்டுவிட்டு, அதன் பிறகு பேசத் தொடங்கலாம். ஒரு கை நெஞ்சில், ஒரு கை தொப்புளுக்கு மேல். கீழ்க் கை முதலில் அசைய வேண்டும்.

ஜூன் 5, புதன்

எண்ணிக்கை: 4 எண்ணி உள்ளே, 6 எண்ணி வெளியே. ஒரு எண் ஒரு நொடி என்றால் நிமிடத்துக்கு 6 மூச்சு, 5 நிமிடத்தில் 30. புதியவர்களுக்கு 6 எட்டாது. 3 உள்ளே, 4 வெளியே என்று தொடங்கி ஒவ்வொன்றாக ஏற்றலாம்.

வெளிமூச்சு ஏன் நீளமாக இருக்க வேண்டும் என்று வாயால் விளக்குவதைவிட விரலால் காட்டுவது சுலபம். மணிக்கட்டில் கட்டைவிரல் பக்கமாக இரண்டு விரல் வைத்து நாடி பார்க்கச் சொல்லுங்கள். உள்ளே இழுக்கும்போது துடிப்பு கொஞ்சம் வேகமெடுக்கும், வெளியே விடும்போது மெதுவாகும். மூளையிலிருந்து இதயத்துக்கு இறங்கும் வேகஸ் நரம்பு வெளிமூச்சில்தான் இதயத்துக்கு அதிகமாகக் கடிவாளம் போடுகிறது. வயதானால் இந்த வித்தியாசம் குறையும், சிலருக்கு விரலில் பிடிபடாது. "தெரியுதா, தெரியுதா" என்று கேட்டுத் தொல்லை செய்ய வேண்டாம்.

தப்பு நடக்கும் இடம்: ஆர்வத்தில் ஆழமாகவும் வேகமாகவும் இழுப்பது. இரண்டு மூன்று நிமிடத்தில் உதட்டைச் சுற்றியும் விரல் நுனியிலும் ஊசி குத்தும், தலை கிறுகிறுக்கும். கரியமில வாயு அளவுக்கு மேல் வெளியேறி ரத்தம் காரத்தன்மைப் பக்கம் போவதால் வருவது இது. "சக்தி ஓடுது" என்று அதற்குப் பெயர் வைப்பவர்களும் உண்டு. நல்ல சினிமா, அவ்வளவுதான். எண்ணுவதை நிறுத்தி, மூக்கால் சாதாரணமாக மூச்சு விடச் சொன்னால் சில நிமிடத்தில் அடங்கும். நெஞ்சு வலியோ மயக்கமோ வந்தால் வகுப்பு முடிந்தது, மருத்துவ உதவிதான்.

கர்ப்பிணிகள், ரத்த அழுத்தம் உள்ளவர்கள், வலிப்பு வந்தவர்கள்: மூச்சை அடக்கும் பயிற்சி கிடையாது.

ஜூன் 8, சனி

யோக நித்திரைக்கு (படுத்தபடி குரலைக் கேட்டு உடம்பைத் தளர விடும் பயிற்சி) எழுதிய பக்கத்தைப் பார்த்தால் வசனத்தாள் மாதிரி நெருக்கமாக இருக்கும். நடிகருக்கு மௌனம் என்றால் யாரோ வரியை மறந்துவிட்டார்கள் என்று அர்த்தம். அதனால் இடைவெளி வந்தாலே ஒரு "அழகா..." அல்லது "மெதுவா..." வந்து விழும். இடைவெளியையும் தாளில் எழுதிவிட வேண்டும்: "நிறுத்து, 10 நொடி", "நிறுத்து, மூன்று மூச்சு". பிறகு முழுவதையும் போனில் பதிவுசெய்து, தரையில் படுத்துத் தானே கேட்க வேண்டும். வலது முழங்காலைத் தேடிக்கொண்டிருக்கும்போதே குரல் இடது பாதத்துக்குப் போயிருந்தால் எங்கே அவசரம் என்று உடனே புரியும்.

உருக்கமான குரலும் வேண்டாம். உருகினால் எல்லாரும் குரலைத்தான் ரசிப்பார்கள், தன் மூச்சை மறந்துவிடுவார்கள்.

யாராவது அழுதால், கூடவே கண் கலங்குவது சொன்னதும் அழப் பழகியவர்களுக்குச் சுலபம். அது வேண்டாம். குரல் அதே அளவில் போகட்டும், டிஷ்யூ கை எட்டும் தூரத்தில் இருக்கட்டும், கேட்காமல் தொடக் கூடாது. "கண்ணைத் திறக்கலாம், பாதம் தரையில படுறதைப் பாருங்க" என்பது போதும். கண்ணை மூடியே ஆக வேண்டும் என்று யாரையும் கட்டாயப்படுத்த வேண்டாம்.

முடிக்கும்போது பக்கவாட்டில் திரும்பி ஒரு நிமிடம், பிறகு உட்கார்ந்து ஒரு நிமிடம். படுக்கையிலிருந்து நேராக எழுந்தால் ரத்த அழுத்தம் சட்டென்று இறங்கித் தள்ளாடும்.

ஜூன் 12, புதன்

வாசனை எண்ணெய். உடம்பில் தடவ 2 சதவீதம் என்றால் அதைக் கலக்கும் 30 மில்லி தாங்கு எண்ணெய்க்கு (தேங்காய் எண்ணெய் மாதிரி) சுமார் 12 சொட்டு (ஒரு மில்லி 20 சொட்டு என்ற கணக்கில்). மென்மையான தோலுக்கு 6. குளிக்கும் நீரில் நேராக விட்டால் கரையாது. மேலே மிதந்து, கலக்காத எண்ணெயாகவே தோலில் ஒட்டி எரியும். பெர்கமாட் (ஒரு வகை நாரத்தைத் தோல் எண்ணெய்) தடவிவிட்டு வெயிலில் போனால் தோல் வெந்துவிடும். மூடி திறந்து நாளான லாவெண்டர் காற்றுபட்டு மாறி அலர்ஜி கிளப்பும். சின்னக் குழந்தைகளின் முகத்துக்கருகே புதினா, யூகலிப்டஸ் எண்ணெய் வேண்டவே வேண்டாம்.

ஜூன் 17, திங்கள்

போஸ்டர் நாள். பழைய பட ஸ்டில்லைப் போடுவதா வேண்டாமா என்ற சண்டை எப்போதும் வரும். போட்டால் அறை நிறையும், ஆனால் பாதிப் பேர் செல்ஃபிக்கு வருவார்கள். எங்கள் கட்சி: வேண்டாம். ஹாலிவுட்டில் குழந்தையாக நடித்த லிசா ஜேக்கப் 22 வயதில் நடிப்பை விட்டார். பின்னாளில் கிருபாலு என்ற யோகா முறையில் பயிற்சி பெற்று யோகா ஆசிரியரானார். தனக்கிருந்த பதற்ற நோயைப் பற்றி வெளிப்படையாக எழுதவும் செய்தார். பயிற்சி முதலில், பழைய முகம் பிறகு என்ற வரிசை சரியாகப் படுகிறது.

பெயருக்குப் பின்னால் போடுவதிலும் கவனம் வேண்டும். 200 மணி நேரப் பயிற்சி ஒருவரை ஆசிரியராக்கும், அவ்வளவே. யோகா சிகிச்சையாளர் என்பது வேறு படிப்பு. பன்னாட்டு யோகா சிகிச்சையாளர் சங்கம் அதற்கு மேல் குறைந்தது 800 மணி நேரம் கேட்கிறது.

போஸ்டரில் "மன அழுத்தத்தைக் குணமாக்கும்" அடிக்கப்பட்டு, "ஓய்வெடுக்க உதவலாம்" ஆனது. வகுப்பில் சேரும் படிவத்தில், என்ன மருந்து எடுக்கிறீர்கள் என்ற கேள்வி மேலே ஏறியது. தெரிந்த முகம் ஒரு மூலிகையைச் சும்மா பாராட்டினாலே வாங்கிவிடுகிறார்கள். செயின்ட் ஜான்ஸ் வோர்ட் என்ற மூலிகை கருத்தடை மாத்திரையின் வேலையைக் குறைக்கும், மனச்சோர்வு மாத்திரையோடு சேர்ந்தால் ஆபத்து. அஸ்வகந்தா தைராய்டு அளவை மாற்றக்கூடும். வகுப்பில் மூலிகைப் பேச்சு வந்தால் பதில் ஒன்றே: "உங்க டாக்டர்கிட்ட கேளுங்க, மாத்திரையை நீங்களா நிறுத்தாதீங்க." இதையும் வசனத்தாளில் எழுதியாகிவிட்டது, 10 நொடி நிறுத்தத்தோடு.